உட்கார்ந்த கசங்கல்

ஒரே ஒரு ஊர்ல ஒரே ஒரு டீச்சராம், அவங்களுக்கு வீட்டுல ஒரு புருஷனாம், சலவைக் கடையில ஒரு சிநேகிதனாம், ரெண்டு பேருக்கும் விஷயம் தெரியுமாம், யாரும் யாரையும் அடிச்சுக்கலையாம். இப்படி ஆரம்பிச்சா சின்னப் பிள்ளைகூட, போ, வேற கதை சொல்லுன்னு சொல்லும். ஆனா அந்தப் புருஷன் நீங்களும் சிநேகிதன் நானும் இப்ப ஒரே வேன்ல உக்காந்திருக்கோமே. காலை நீட்டிக்கங்க. அந்த மூட்டை மேல சாஞ்சுக்கலாம், துவைச்ச துணிதான்.

உங்க கண்ணாடிக் கடையில ஆள் இருக்கும்போது இழுத்துட்டு வந்துட்டேன், கோவிச்சுக்காதீங்க. உங்களை என்னன்னு கூப்பிடுறதுன்னே இத்தனை நாளா எனக்குப் பிடிபடலை. சார்னு கூப்பிட்டா மூக்குக்கண்ணாடி வாங்க வந்த மாதிரி இருக்கு. அண்ணேன்னு வாய் நிறையக் கூப்பிடலாம், ஆனா டீச்சர் எனக்கு அண்ணி ஆயிடுவாங்க, அது நல்லாவா இருக்கு? சிரிங்க, சிரிங்க. கொஞ்ச நேரத்துல சிரிப்பு வராது.

எதிர்ல பாருங்க. டயர் கடை. பக்கவாட்டுல இரும்புப் படி ஏறுதுல்ல, மேல ஒரு ஜன்னல், பச்சைத் துணி தொங்குது. டீச்சர் இப்ப அதுக்குள்ளதான் இருக்காங்க.

இல்லைங்க, என் வீட்டுக்கு வரலை. புதன்கிழமை சாயங்காலம் என் வீட்டுக்கு வர்றதாவா உங்ககிட்ட சொல்லியிருக்காங்க? பாத்தீங்களா. என்கிட்ட, அவரோட, அதாவது உங்களோட, வெளிய போறேன்னு சொல்லியிருக்காங்க.

எனக்கு எப்படித் தெரியும்னா, துணி. அவங்க துணியெல்லாம் என்கிட்டதானே வருது. வழக்கமா பிள்ளைங்க பூசின பசையும் சாயமும் இருக்கும். புதன்கிழமைத் துணியில மட்டும் புது ரப்பர் வாடை. அப்புறம் அந்தக் கசங்கல். இஸ்திரி போடுறவனுக்குத் தெரியும், படுத்த கசங்கல் வேற, உக்காந்த கசங்கல் வேற. இது உக்காந்த கசங்கல். முட்டிக்குப் பின்னாடி ஆழமா மடிஞ்சு, முதுகுல நாற்காலிப் பின்னல் அப்படியே பதிஞ்சிருக்கு. ரொம்ப நேரம் அசையாம இருந்தாத்தான் அப்படி விழும். படுத்த கசங்கலா இருந்தா ஏதோ ஆசைன்னு விட்டுடலாம். அவ்வளவு நேரம் உக்காந்து ஒருத்தன்கிட்டப் பேசுறாங்கன்னா, மனசையே கொட்டுறாங்கன்னு அர்த்தம். அப்புறம் நமக்கு என்ன மிச்சம்?

இன்னொரு ஆளுன்னு கோவம் இல்லைங்க. மொத மொதல்ல டீச்சர் எனக்கு இந்த மாதிரி உறவுல எத்தனை வகை இருக்குன்னு விவரமாச் சொன்னாங்க, என் கடை ஹேங்கரையே எடுத்து வரிசையா மாட்டி, பிள்ளைங்களுக்குச் சொல்ற மாதிரி. சில பேர் மூணு பேருமா ஒரே வீடு, ஒரே அடுப்பு. சில பேர், உனக்கு ஆள் இருக்கட்டும், பேரு மட்டும் என் காதுல விழக் கூடாதுன்னு இருப்பாங்க. நாம தனித்தனி வீடு, ஆனா ஒளிவு மறைவு கிடையாது. புதுசா ஒருத்தர் வந்தா வர்றதுக்கு முன்னாடியே சொல்லிடணும். அந்த ஒரு பேச்சை நம்பித்தானே நான் வந்தேன். ஆள் இருந்தா தப்பில்லை, சொல்லாம இருந்தாத்தான் தப்பு.

உள்ளதைச் சொல்றேன், முதல்ல உங்க மேலதான் சந்தேகம். நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து என்னைக் கழட்டி விடப் பாக்குறீங்களோன்னு. உங்களுக்கும் என் மேல இருந்துச்சா? இருந்திருக்கும். அப்புறம் டயர் கடைக்காரர் மேல. அவர் சட்டையையும் நான்தான் வெளுக்கிறேன், வெட்கத்தை விட்டு மோந்து பாத்தேன். கிரீஸ் வாடையைத் தவிர ஒண்ணும் இல்லை. அப்புறம் பள்ளிக்கூடத்துல பாட்டு சொல்லித் தர்ற தாடிக்காரர். போன வாரம் இதே இடத்துல வண்டியைப் போட்டுட்டுக் காத்திருந்தேன். டீச்சர் படி ஏறினாங்க. வேற யாரும் ஏறலை. டீச்சர் இறங்கினாங்க. வேற யாரும் இறங்கலை.

இருங்க, இருங்க. கதவுல இருந்து கையை எடுங்க. மேல போய் என்ன பண்ணப் போறீங்க? சொல்லி முடிச்சிடுறேன், அப்புறம் உங்க இஷ்டம்.

நேத்து டயர் கடைக்காரருக்குத் துணி கொடுக்கப் போனேன். மேல வாப்பான்னு குரல் கொடுத்தார். அவரோட அறைதானே, ஒழுகுற குழாயை முறுக்கிட்டு இருந்தார். நான் வாசல்லயே நின்னு ஒவ்வொண்ணாத் தேடினேன். ஆம்பளைச் செருப்பு கிடக்குதா, சட்டை தொங்குதா. கட்டில் இல்லை. ஒரு புத்தகம்கூட இல்லை. ஜன்னலைப் பாத்தபடி ஒரே ஒரு நாற்காலி. பக்கத்துல ஒரே ஒரு டம்ளர். யாருக்கு வாடகைக்கு விட்டிருக்கீங்கன்னு கேட்டேன். ஒரு டீச்சரம்மா வரும், சும்மா உக்காந்திருந்துட்டுப் போகும்னார். சும்மான்னா? சும்மாதாம்ப்பான்னார்.

அவ்வளவுதாங்க. ஆளே கிடையாது.

எனக்கு அதுதான் தாங்கலை. ஆளா இருந்தா எப்படிப் பங்கு போட்டுக்கிறதுன்னு உங்களை வச்சே பழகிட்டேன். இதை என்ன பண்றது? பகல் முழுக்கப் பிள்ளைங்க டீச்சர் டீச்சர்னு பிடிச்சு இழுக்குது. சாயங்காலம் வந்தா நான், என்ன யோசிக்கிறீங்க, என்ன யோசிக்கிறீங்கன்னு பிடுங்கி எடுக்கிறேன். நீங்களும் கேப்பீங்கல்ல? ம்.

உஷ். படியில சத்தம். தலையைக் குனிஞ்சுக்கங்க. பூட்டுறாங்க. அந்த முகத்தைப் பாருங்க. என் வீட்டுல இந்த முகத்தை நான் பாத்ததே இல்லை. உங்க வீட்டுல? வலப்பக்கம் திரும்பிட்டாங்க.

இதுக்குத்தான் கூப்பிட்டேன். வீட்டுக்கு வந்ததும், அவன்கிட்ட இருந்து வரேன்னு சொல்வாங்க. சரின்னுடுங்க. நாளைக்கு என்கிட்ட, அவரோட இருந்தேன்னு சொல்வாங்க. நானும் சரின்னுடுறேன். பொய்தான். நாம ரெண்டு பேரும் சேர்ந்து டீச்சர்கிட்ட சொல்ற முதல் பொய். செய்வீங்களா?

ஏங்க, இறங்கிட்டா எப்படி? அங்க நின்னுட்டு என்ன யோசிக்கி... சரி, கேக்கலை. உங்க கடை இடப்பக்கம். வலப்பக்கம் எட்டி நடந்தா அவங்களைப் பிடிச்சிடலாம். பிடிச்சா வாய் சும்மா இருக்காது, கேட்டுடுவீங்க. கேட்டுட்டா அந்த நாற்காலி அவ்வளவுதான்.

ம்.

இடப்பக்கமா.

பாத்துப் போங்க, அண்ணே.