ஒற்றைக் கையில் முடிந்த கச்சேரி

பியானோவுக்கு மைக் வைப்பதில் பெரிய சூட்சுமம் எதுவும் இல்லை. தந்திகளுக்கு அருகில் ஒன்று, வாசிப்பவரின் மூச்சு விழாத தூரத்தில் ஒன்று. அத்தானுக்கு மட்டும் மூச்சையும் சேர்த்தே பிடிப்பேன். வாசிக்கும்போது அவர் முனகுவார். அதற்கென்றே ஒரு கூட்டம் உண்டு.

அன்று மாலை அவர் தனியாகத்தான் மேடையேறினார். கையில் தாள் இல்லை, மனதில் மெட்டும் இல்லை. அவருடைய ஜாஸ் அப்படித்தான். விரல் போன போக்கில் பிறக்கும். மறுபடி வாசிக்கச் சொன்னால் அவருக்கே வராது. இதை நீங்கள் புரிந்துகொள்ள வேண்டும்.

பாதியில் இடது கை தடுமாறியது. பிறகு மடியில் சரிந்தது. வலது கை மட்டும் மேல் கட்டைகளில் துணை தேடி அலைந்தது. அப்படியொரு இசையை நான் கேட்டதே இல்லை. அரங்கமே சொக்கிப்போய் உட்கார்ந்திருந்தது. ஒலிப்பதிவு அறையில் என்னோடு இருந்த அக்கா மட்டும் எழுந்துவிட்டாள்.

"தம்பி, அவருக்கு என்னமோ ஆகுது. நிறுத்தச் சொல்லு."

"அவர் வாசிப்பே அப்படித்தானேக்கா. உக்காரு."

"வாய் கோணுதுடா. கதவைத் திற."

பதிவின்போது கதவைப் பூட்டிவிடுவேன். சாவி என் சட்டைப்பையில் இருந்தது. அவள் என் தோளைப் பிடித்து உலுக்கினாள். நான் என்ன செய்ய? இசை ஓடிக்கொண்டிருந்தது. அது அடங்கி, கைதட்டலும் பதிவான பிறகு திறந்துவிட்டேன்.

"கொஞ்சம் முன்னாடி கொண்டு வந்திருந்தா பேச்சாவது மிஞ்சியிருக்கும்" என்றார் டாக்டர். அக்கா என் முகத்தைப் பார்க்கவில்லை.

அந்த இசைத்தட்டு போகாத நாடில்லை. இடது கையை அடக்கி வைத்த துணிச்சலைப் பற்றி எழுதாதவர்கள் இல்லை. ஒரே ஓர் இடத்தில் மட்டும் மூச்சு அறுபடுவதாகப் பேட்டிக்கு வந்த நீங்கள்தான் கேட்டீர்கள். உண்மைதான். "கை வரல, நிறுத்துடா" என்று அவர் குழறியது அங்கேதான். ஹெட்ஃபோனில் எனக்குத் தெளிவாகவே கேட்டது. பிறகு வெட்டிவிட்டேன். இசைக்கு நடுவே பேச்சு எதற்கு?

அக்கா இப்போது வேலைக்குப் போகிறாள். பகலில் அத்தானோடு இருக்க என்னை விட்டால் ஆளில்லை. அதனால் என்னைப் பொறுத்துக்கொள்கிறாள். சாப்பாடு ஊட்டியதும் அந்தப் பதிவைத்தான் போடுவேன். முதல் சுரத்திலேயே அவர் கண் நிறைந்துவிடும். வலது கையைப் பாட்டுப்பெட்டியை நோக்கி நீட்டுவார். பேச்சு இல்லாவிட்டால் என்ன, அவர் மனசு எனக்குத் தெரியாதா? சத்தத்தை இன்னும் கொஞ்சம் கூட்டி வைப்பேன்.