‘குத்திட்டான்’ என்ற சொல்

டொப்.

அம்மா கத்துகிறாள். "குத்திட்டான்! படுங்கோ பிள்ளையள்!"

படுக்கிறோம். தம்பி வாகீசன் என் முதுகின் மேல். வாய்க்குள் மணல். உப்புக் கரிக்கிறது. தலைக்கு மேல் ஒரு விசில் நீளமாக இழுபடுகிறது. வெடிக்கிறது. தள்ளி. எழுகிறோம். ஓடுகிறோம்.

வன்னியில் மிச்சமிருந்த கடைசித் துண்டு நிலம் அது. ஒரு பக்கம் கடல். மறுபக்கம் நீரேரி. நடுவில் நாங்கள். எனக்குப் பன்னிரண்டு வயது. தம்பிக்கு ஏழு. வைகாசி வெயில். தேதி தெரியாது. நாட்காட்டி மாட்டிய சுவர் எங்கும் நிற்கவில்லை. சத்தங்கள் மட்டும் அப்படியே நினைவிருக்கின்றன.

ஷெல்லுக்கு இரண்டு சத்தம். குழாயை விட்டுக் கிளம்பும்போது ஒன்று. ஈரத்துணியைக் கல்லில் அடித்தது போல. அதைத்தான் ‘குத்துவது’ என்போம். இரண்டாவது, விழுந்து வெடிப்பது. இரண்டுக்கும் நடுவில் ஒரு மூச்சு நேரம் உண்டு. பிழைப்பதென்றால் அந்த மூச்சுக்குள் பிழைக்க வேண்டும். முதல் சத்தத்தைக் கேட்டவர் கத்த வேண்டும். எங்கள் வீட்டில் கத்துவது அம்மா. அப்பா மாசியிலேயே போய்விட்டார். பால் பவுடர் வரிசையில் நின்றவர்.

அம்மாவிடம் ஒரு பழக்கம். கத்திவிட்டு உடனே படுக்க மாட்டாள். நாங்கள் படுத்துவிட்டோமா என்று நின்று பார்ப்பாள். பிறகுதான் படுப்பாள். நான் சண்டை போட்டிருக்கிறேன். கேட்க மாட்டாள்.

அன்று மாலை. டொப். அம்மா கத்தினாள். படுத்தோம். வெடித்தது. பக்கத்தில். தலையைத் தூக்கினேன். அம்மா நின்ற இடத்தில் புகை நின்றது.

இதற்கு மேல் எழுத வரவில்லை. எழுதி எழுதி அடித்துவிட்டேன். இவ்வளவு போதுமா, தெரியவில்லை.

சித்தி எங்களைக் கண்டுபிடித்தாள். முகாம். பிறகு கடல் தாண்டி இந்தியா. படிப்பு. கல்யாணம். இப்போது வலங்கைமானுக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். கணவர் செந்தில் நெல் அறுக்கும் இயந்திரம் ஓட்டுகிறார். மகள் இனியாவுக்கு நான்கு வயது. நான் தனியார் பள்ளி ஒன்றில் வரலாறு நடத்துகிறேன். பேச்சை மாற்றிக்கொண்டேன். ‘வாங்கோ’ ‘வாங்க’ ஆயிற்று. ‘கதைக்கிறது’ ‘பேசறது’ ஆயிற்று. இனியாவிடம் அந்த மணலைப் பற்றி ஒன்றும் சொன்னதில்லை. அந்தச் சத்தம் அவளுக்குள் போகக் கூடாது. நான் வேண்டிக்கொண்டது அது ஒன்றுதான். மறைப்பது சரியா என்றும் பல நாள் யோசித்திருக்கிறேன்.

இந்த வருடம், திருவிழா அன்று காலை. ஒன்பதாம் வகுப்பு. இங்கிலாந்தின் உள்நாட்டுப் போர். நேஸ்பி சண்டை, 1645. மன்னரின் படை தோற்றது. புத்தகத்தில் ஒரே வரி. ‘தீர்க்கமான போர்.’ எங்களுடையதையும் அப்படித்தான் எழுதுகிறார்கள். புத்தகத்தில் இல்லாத ஒன்றை நான் தேடிப் படித்திருந்தேன். சண்டை முடிந்த பிறகு, மன்னர் படையோடு வந்த பெண்களை வென்றவர்கள் வெட்டினார்கள். சமைத்துப் போட வந்தவர்கள். அவர்கள் கத்திய மொழி வென்றவர்களுக்குப் புரியவில்லை. அயர்லாந்துக்காரிகள் என்று நினைத்தார்கள். பெரும்பாலும் வேல்ஸ் நாட்டுப் பெண்கள் என்று பின்னால் எழுதினார்கள். வகுப்பில் சொல்லலாமா என்று தயங்கினேன். கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் எழுந்தான். "மிஸ், இது எத்தனை மார்க்?"

இரண்டு மார்க் என்றேன். அடுத்த பக்கத்துக்குப் போனேன்.

மாலை. மாரியம்மன் கோயில் வாசல். எங்கள் பக்கம் வெடி தயாரிப்பவர்கள் அதிகம். வாணவேடிக்கையில் குறை வைக்க மாட்டார்கள். வழக்கமாகத் தலைவலி என்று வீட்டிலேயே இருந்துவிடுவேன். இந்த முறை இனியா என் முந்தானையைப் பிடித்துத் தொங்கினாள். மாமியார் என் முகத்தையே பார்த்தார். போனேன். சரவெடியைத் தாங்கினேன். அதிர்வேட்டையும் தாங்கினேன். பக்கத்து வயலில் வாணம் விட இரும்புக் குழாய் ஒன்றை நட்டிருக்கிறார்கள். நான் கவனிக்கவில்லை.

டொப்.

"குத்திட்டான்! படுங்கோ!"

என் குரல்தான். அம்மாவின் தொண்டையிலிருந்து வந்தது போல இருந்தது.

வானத்தில் பச்சையாக ஒரு பூ விரிந்தது. கீழே கூட்டம் கலைந்தது. "எவன்டா குத்துனது?" "யாருக்குப்பா குத்து விழுந்துச்சு?" கத்தியோடு ஓடுபவனைத் தேடி இரண்டு பேர் கிளம்பிவிட்டார்கள். மேளம் நின்றது. மாமியார் என் வயிற்றைத் தடவி ரத்தம் இருக்கிறதா என்று பார்த்தார். செந்திலுக்கு மட்டும் மெல்லப் புரிந்தது. "ஒண்ணுமில்லைங்க, வாணத்துக்குப் பயந்துட்டா" என்று ஒவ்வொருவரிடமும் போய்ச் சொன்னார். யாரோ சிரித்தார்கள்.

அத்தனை பெரியவர்களில் ஒருவர்கூடப் படுக்கவில்லை. எல்லோரும் தமிழர்கள். சொல் புரியவில்லை. நேஸ்பியில் அந்தப் பெண்கள் என்ன கத்தினார்கள் என்று எங்கும் படித்ததில்லை. பக்கத்தில் நின்றவளிடம் ‘படு’ என்று கத்தியிருக்கலாம்.

குனிந்தேன்.

இனியா படுத்திருந்தாள். குப்புற. புதுப் பாவாடை புழுதியில். இரண்டு காதையும் பொத்தியிருந்தாள். வாயைத் திறந்து வைத்திருந்தாள். வாயைத் திறந்தால் காது கிழியாது என்பது அம்மா எங்களுக்குச் சொன்னது. நான் இவளுக்குச் சொன்னதே இல்லை. சொன்னேனா? தூக்கத்தில் உளறுகிறேனா? இடி இடிக்கும்போதெல்லாம் என் கை அவள் தலையை அழுத்தியதா? என்னைப் பார்த்துப் பார்த்தே படித்தாளா?

"இன்னும் விழலையாம்மா?" என்று கேட்டாள்.

அவள் படுத்திருக்கிறாளா என்று பார்த்தபடி நான் நின்றுகொண்டிருந்தேன்.

கணக்குப் பார்க்கிறேன். அப்பா. அம்மா. பக்கத்து வீட்டில் ஐந்து பேர். தம்பியின் இடது காது. கனடாவிலிருந்து பேசும்போது இப்போதும் போனை வலப்பக்கம் மாற்றிக்கொள்கிறான். வீடு. கிணறு. நான் பேசி வளர்ந்த பேச்சு. அதில் ஒரு சொல்லைத் தொலைக்கத்தான் இத்தனை தூரம் வந்தேன். அது மட்டும் தொலையவில்லை. இனியாவிடம் இருக்கிறது.