மிசினு ‘ஊடு’ன்னு சொல்லுமா?

“அலோ... அலோ, யார்றா பேசறது? ... மாஸ்டரா? எந்த மாஸ்டர்றா? நான் பண்ணைக்குப் போன நேரம் பாத்து, எம் பொண்டாட்டிகிட்ட ‘நல்லா மூச்ச இழுத்து உடுங்க, இன்னொருக்கா’ங்கற மாஸ்டரா?”

தனப்பிரியாவின் கைப்பேசியைப் பிடுங்கிக் காதில் வைத்துக்கொண்டு ஜெகதீஸ்வரன் கத்தினான். அவளை அறைந்து, கோழித் தீவன அறைக்குள் தள்ளி, வெளியே தாழ்ப்பாள் போட்டாயிற்று. கிழிந்த உதட்டைத் துடைத்தபடி கதவோடு ஒட்டி நின்றாள் அவள். அது மனுசனில்லை, உடற்பயிற்சியும் சாப்பாடும் சொல்லித் தருகிற ஆப், போனுக்குள் இருந்து பேசுகிற இயந்திரம் என்று தலையில் அடித்துக்கொண்டு சொல்லிவிட்டாள். கேட்கிற காதாக இருந்தால்தானே!

“என்ன, நீயும் ஆப்புங்கற? எனக்கே ஆப்பு வெக்கறியா? ... மிசினா? ரெண்டு பேரும் பேசி வெச்சுக்கிட்டீங்களாடா? மிசினு பேசி நான் கேட்டதில்லையா? ரயில்வே டேசன் பொம்பளயாட்டம் பேசும். நீ ‘ஏனுங்க’ங்கற, ‘ஊடு’ங்கற. மிசினு எந்த ஊர்லடா ‘ஊடு’ன்னு சொல்லுது? ... பொய் பேசாத. புதுச்சத்திரத்தானா நீ? ராசிபுரமா?”

எந்த ஊர்ப் பேச்சு வேண்டும் என்று ஆப் முதல் நாளே கேட்டிருந்தது. நம்ம ஊர்ப் பேச்சே இருக்கட்டும் என்று ஆசையாகத் தேர்ந்தெடுத்தவள் இவள்தான். அந்த ஆசை இப்போது உயிருக்கே உலை வைத்துவிட்டது.

“இப்ப எங்கடா இருக்கற? ... என்னது? உங்க ஊட்டுலதான் இருக்கறனா? என்ற ஊட்டுலயா?”

அவ்வளவுதான். கட்டில் புரண்டது. பீரோக் கண்ணாடி நொறுங்கியது. சமையல்கட்டில் அண்டா உருண்டது. அரிவாள் கதவிலும் சுவரிலும் மாறி மாறி விழுந்தது.

“பரண்ல இருக்கியா? எறங்குடா, வெட்டிப்போடறேன்! ... என்ன, காலைல நான் என்ன சாப்ட்டனா? கொல்ல வந்தவன்கிட்டக் கேக்கற கேள்வியாடா இது? ... ஆமா, ஆமா, மூச்சு வாங்குது. அதுக்கென்ன இப்ப? ... ஒக்கார மாட்டேன். தண்ணியும் வேண்டாம்!”

வேறு நாளாக இருந்தால் அவள் விழுந்து விழுந்து சிரித்திருப்பாள். போன தீபாவளியன்று, கறிக்குழம்பில் உப்புக் கூடிப்போச்சு என்று அவன் முறுக்கிய இடது கை மழை வந்தால் இன்னமும் வலிக்கிறது. கட்டுப் பிரித்த கையோடுதான் அந்த ஆப்பில் சேர்ந்தாள். பண்ணையில் உடைந்த முட்டைகளைத் தின்றாள். தீவன மூட்டையின் காதைப் பிடித்துத் தூக்கித் தூக்கி உள்ளங்கை காய்த்துப்போனது.

“செரி, ஒன்னே ஒன்னு சொல்லு. அவ எதுக்கு உங்கிட்ட வந்தா? உள்ளதச் சொல்லோணும். ... ம்... ம்... இரு, இரு. என்னது? ... மொத நாளே சொன்னாளா? ... ‘அவரு அடிக்க வந்தா அந்தக் கையப் புடிச்சு நிறுத்தோணும், அதுக்குப் பலம் வேணும்’னு... இவளா சொன்னா?”

பாவி மிசினு! கேட்டால் கேட்டதை அப்படியே ஒப்பித்துவிடுமா? வெளியே அவன் சிரித்தான். அந்தச் சிரிப்பு அவளுக்கு நன்றாகத் தெரியும். அடுத்து அடிதான்.

“மாஸ்டரே, போன வெச்சர்றாத. ஒரு வேடிக்கை காட்டறேன். ... ஆமா, ஆமா, கேட்டுக்கிட்டே இரு. ஏய், வாடி வெளிய! புடி பாக்கலாம்!”

தாழ்ப்பாள் விலகியது. இடது கையில் போன், வலது கையில் அரிவாள். ஓங்கிய கை இறங்கியது. தோளைக் கிழித்து ரத்தம் கொட்டிய பிறகுதான் அவளுக்கு அந்த மணிக்கட்டு கிடைத்தது. மூட்டைக் காதைப் பிடிப்பதுபோல் இரண்டு கையாலும் பிடித்தாள். பிடித்ததை நிலைப்படியில் வைத்து முறுக்கினாள்.

“ஏய்... உடுடி... உடு! ... அய்யோ! மாஸ்டர்! ... என்ன, மூச்ச உடோணுமா? எனக்கில்ல, எனக்கில்ல, அவளுக்குச் சொல்லுங்க! ... என்னங்க எண்ணறீங்க? ‘ஒன்னு, ரெண்டு’ன்னு எதுக்குங்க எண்ணறீங்க? ... ‘அப்படித்தானுங்க, உட்றாதீங்க’ன்னு அவளையா... அய்யய்யோ!”

எலும்பு மளுக்கென்றது. அரிவாள் தரையில் விழுந்தது. அவன் மண்டிபோட்டான். போனை மட்டும் காதிலிருந்து எடுக்கவில்லை.

“மாஸ்டர்... உங்க கால்ல உளுவறேன்... நீங்க எந்த ஊரா இருந்தாலும் செரி... நீங்க சொன்னா கேப்பாளுங்க... கைய உடச் சொல்லுங்க... உடச் சொல்லுங்க சாமீ...”

தனப்பிரியா ஒரு கையை மட்டும் எடுத்து, அவன் காதிலிருந்த போனைப் பிடுங்கி, பொத்தானை அழுத்தி அணைத்தாள்.