முன்னறைப் பூட்டு

— கையை எடுங்க மாமா. மூச்சைக்கூட அந்தப் பக்கம் திருப்பி விடுங்க.

— மூச்சு விட்டா ஓடிப் போயிடுமா மருமகளே உன் பூட்டு?

— பூட்டு ஓடாது. உள்ள இருக்கிற ஸ்பிரிங் ஓடும். ஒவ்வொண்ணும் கடுகு மாதிரி. தரையில விழுந்தா நீங்களும் நானும் மண்டி போட்டுத் தேடணும்.

— எனக்கு முட்டி வலி, ஆளை விடு. அதுக்குத்தான் பிளாஸ்டிக் கவருக்குள்ள ரெண்டு கையையும் விட்டுக்கிட்டு உக்காந்திருக்கியா? நீ என்னமோ பூட்டுக்குப் பிரசவம் பாக்கறியோன்னு நினைச்சேன்.

— சிரிங்க, சிரிங்க. தெறிச்சா கவருக்குள்ளதானே தெறிக்கும்? கண்ணுலயும் படாது, காணாமலும் போகாது.

— அடேங்கப்பா! பேங்க் லாக்கர் ரூம் வாசல்ல காலம் பூரா துப்பாக்கியோட நின்னவன் நான். பூட்டுக்கு முதுகைக் காட்டிக்கிட்டே ரிட்டயர் ஆயிட்டேன். உள்ள என்ன இருக்குன்னு இன்னைக்குத்தான் பாக்கப் போறேன்.

— அப்ப ஒழுங்கா பாருங்க. கதவுலேர்ந்து கழட்டின இந்த உருளை இருக்கே, இதுதான் உயிர். மத்ததெல்லாம் வெறும் இரும்பு. சாவியைக் குடுங்க.

— சாவியில்லாம பிரிக்கிறதுதானே கெட்டிக்காரத்தனம்?

— அது திருடனோட கெட்டிக்காரத்தனம். சாவி போட்டுப் பிரிச்சாதான் உள்ள ஒரு கீறல் விழாது.

— சரி, ஒத்துக்கறேன். இந்தா.

— பூட்டும் நல்லா இருக்கு, சாவியும் நல்லா இருக்கு. எதுக்கு மாமா மாத்தச் சொல்றீங்க?

— இதோட ஜோடிச் சாவி ஒண்ணு வெளிய சுத்துது. அது இனிமே திறக்கக் கூடாது.

— புதுசா வர்றவர் கேட்டாராக்கும்.

— நீ வேலையைப் பாரு.

— பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன். சாயங்காலம் உங்க பிள்ளை சிநேகிதரைக் கூட்டிக்கிட்டு வரப் போறார், இந்த முன்ரூம்ல செல்போன் கடை வரப் போகுது, எல்லாம் தெரியும். தெருவைப் பாத்த ரூம். எனக்குக் குடுங்க, நான் பூட்டுக் கடை வைக்கறேன்னு வாய் விட்டுக் கேட்டேன். இப்ப அதே ரூமுக்கு என் கையாலயே பூட்டு மாத்திக் குடுக்கறேன். என் தலையெழுத்து.

— வருத்தமா?

— வருத்தம்தான். நேத்து சோறே இறங்கல. ஆனா வருத்தம் வேற, வேலை வேற. கோபத்தோட தொட்டா பூட்டு வம்பு பண்ணும்.

— என் பிள்ளை அப்படி என்னதான் சொன்னான்?

— ‘பொம்பளை பூட்டுத் திறக்கறான்னு போர்டு வச்சா தெருவே சிரிக்கும், மாசச் சம்பளத்துக்கு முதலாளிகிட்ட சாவி ராவிக்கிட்டு இரு, போதும்’னார். வீடு உங்களுது. முடிவு மட்டும் அவரோடதா மாமா?

— அவன் வாக்குக் குடுத்துட்டு வந்துட்டானேம்மா.

— சரி விடுங்க. பின்பக்கம் க்ளிப்பை எடுக்கறேன். கட்டைவிரலை மேல வச்சு, மெதுவா... வந்துடுச்சு.

— அவ்வளவுதானே? உருவிடு.

— உருவினா அத்தனை ஸ்பிரிங்கும் ஒண்ணா வெளிய குதிக்கும். இதோ பாருங்க, பித்தளைக் குச்சி. உள்ள சுத்தற நடு உருளை எவ்வளவு பருமனோ, இதுவும் அவ்வளவே பருமன். சாவியை லேசாத் திருப்பிக்கிட்டு நடு உருளையை முன்னாடி தள்ளத் தள்ள, குச்சி பின்னாலயே போய் அந்த இடத்துல நிக்கும். நடுவுல முடி நுழையற சந்துகூட விடக் கூடாது.

— டியூட்டி மாத்தற மாதிரி சொல்லு. அடுத்த ஆள் வந்து நிக்காம நான் வாசலை விட்டு நகர்ந்ததே இல்ல.

— அதேதான்! பாதித் தொழிலைக் கத்துக்கிட்டீங்க.

— ஹா... ஹா... ஹச்!

— மாமா!

— போச்சா?

— போகல. குச்சி அப்படியே நிக்குது. பக்கவாட்டுப் பட்டையோட ஸ்பிரிங் ஒண்ணுதான் எகிறிச்சு, இதோ கவர் மூலையில இருக்கு. இந்தப் பட்டைதான் இந்தப் பூட்டோட திமிரு. சாதாரணப் பூட்டுல இது கிடையாது. ஸ்பிரிங் தள்ளற குட்டிக் கம்பி, அதான் பின்னு, அதெல்லாம் சரின்னு நின்னாலும், இது சம்மதிச்சாத்தான் திரும்பும்.

— வீட்டுப் பெரியவன் மாதிரி.

— நான் சொல்லல, நீங்களே சொல்லிட்டீங்க.

— உன் கை ஆடவே இல்லையேம்மா. அது பொய்த் தும்மல்.

— என்னது? வயசுக்கு ஏத்த வேலையா மாமா இது?

— பாக்கணும்னு தோணிச்சு, பாத்துட்டேன். உன் முதலாளிக்கு இந்த வேலை வருமா?

— இந்த ரகம் வந்தா பேசாம என் பக்கம் தள்ளிட்டு டீ குடிக்கப் போயிடுவார். வாடிக்கைக்காரங்க வந்து அவருக்குத்தான் நன்றி சொல்லிட்டுப் போவாங்க. இப்ப விரலைக் குடுங்க. பழைய பின்னை எடுத்துட்டு, புதுச் சாவியைச் செருகி அதுக்கு ஏத்ததைப் போட்டிருக்கேன். நடு உருளை மேல தடவிப் பாருங்க.

— வழவழன்னு இருக்கு.

— எல்லாப் பின்னோட தலையும் ஒரே மட்டத்துல நிக்குது. ஒண்ணு தூக்கி நின்னாலும் பூட்டு அசையாது. இனி வந்த வழியே உள்ள தள்ளி, க்ளிப்பைப் போட்டு, கதவுல மாட்டிடலாம். வாங்க.

— ஸ்க்ரூவை நான் முடுக்கறேன். அதையாவது என்னை நம்பிக் குடு.

— முடுக்குங்க. ம்... போதும். கதவு திறந்தே இருக்கட்டும். முதல்ல பழைய சாவி.

— நுழையுது. திரும்ப மாட்டேங்குது.

— இப்ப புதுசு.

— அம்மாடி! தொட்டதும் திரும்புதே!

— அந்தச் சத்தத்தைக் கேட்டீங்களா? இன்னைக்கு நிம்மதியாத் தூங்குவேன்.

— பெருமையா இருக்கும்மா. மனசுக்குள்ள வச்சுக்காம சொல்லிடறேன். நான் காவல் காத்த பூட்டுக்கெல்லாம் இப்படி ஒரு கை இருந்திருந்தா, காவலுக்கு நான் தேவைப்பட்டிருக்கவே மாட்டேன்.

— இது போதும் மாமா எனக்கு. இந்தாங்க, புதுச் சாவிக் கொத்து. வர்றவர்கிட்ட குடுத்துடுங்க.

— உன் இடுப்புலயே இருக்கட்டும். உள்ள வந்து கதவைச் சாத்து. பூட்டியும் பாத்துடுவோம்.

— பூட்டியாச்சு. வாசல்ல பேச்சுச் சத்தம் கேக்குதே... உங்க பிள்ளையும் சிநேகிதரும் வந்துட்டாங்க போல. திறந்து விடட்டுமா?

— பேசாம நில்லு.

— அப்பா! உள்ளயா இருக்கீங்க? என் சாவி நுழையுது, திரும்ப மாட்டேங்குதே! இவர் வேற ரூம் பாக்க வந்து நிக்கறார்!

— அது இனிமே திரும்பாதுடா. கதவைத் தட்டி மரியாதையா கேளு, கடை முதலாளியம்மா உள்ளதான் இருக்காங்க.