முன்னே போகிறவளின் கை

அந்தக் காகிதங்களை ஃபிளாஸ்க்குக்குப் பின்னால் தள்ளி வையுங்கள், மேடம். காற்று உங்கள் இடது பக்க ஜன்னலிலிருந்து வருகிறது. ஃபிளாஸ்க் அதைத் தடுத்துக்கொள்ளும், காகிதம் அசையாமல் கிடக்கும். பார்த்தீர்களா? வாழ்க்கை முழுதும் நான் பார்த்த வேலை இவ்வளவுதான். சைக்கிள் பந்தயத்தில் நான் ஃபிளாஸ்க், என் தங்கை காகிதம்.

சிரிக்கிறீர்கள், நல்லது. நீங்களும் வீட்டில் மூத்தவராகத்தான் இருக்க வேண்டும். நான் உட்காருவதற்கு முன்னால் என் நாற்காலி ஆடுகிறதா என்று அசைத்துப் பார்த்தீர்களே, அதை வைத்துச் சொல்கிறேன்.

சாலைப் பந்தயம் பற்றி உங்களுக்கு அதிகம் தெரிந்திருக்காது. கோப்பையை வாங்குகிறவள் ஒருத்தி, அவளுக்காக மிதிக்கிறவர்கள் ஒரு கூட்டம். முன்னால் போகிறவள் காற்றை நெஞ்சில் வாங்கிக்கொள்வாள். பின்னால் வருகிறவள் அவளுடைய பின்சக்கரத்தை ஒட்டி, ஒரு சாண் இடைவெளியில், சுகமாக வருவாள். கடைசி மேட்டில் முன்னவள் ஒதுங்கிக்கொள்ள, பின்னவள் சேர்த்து வைத்த பலத்தோடு பறப்பாள். பத்திரிகைகள் என் தங்கையைப் புயல் என்று எழுதின. வீட்டில் அவள் பெயர் வாலு. நடக்கத் தொடங்கியதிலிருந்து என் பின்னாலேயே சுற்றியதால் அம்மா வைத்த பெயர். புயலுக்கு முன்னால் மூக்கு ஒழுகிக்கொண்டு போனவளைப் பற்றி யாரும் எழுதவில்லை. உப்புக்குச் சப்பாணியைப் பற்றி யார் எழுதுவார்கள்? நான் எதிர்பார்க்கவும் இல்லை.

ஒரு சாண் இடைவெளியில் வருகிறவளுக்குச் சாலை தெரியாது. அவளுக்குத் தெரிவதெல்லாம் முன்னால் போகிறவளின் சக்கரமும் முதுகும்தான். அதனால் எங்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. முன்னால் போகிறவள் கை காட்ட வேண்டும். வலப்பக்கம் குழியோ கல்லோ இருந்தால் வலது கையைக் கீழே நீட்டுவாள். பின்னவள் இடப்பக்கம் ஒதுங்குவாள். இடப்பக்கம் என்றால் இடது கை. யோசிக்க நேரம் கிடையாது. கை அசைந்தால் உடம்பு தானாக ஒதுங்க வேண்டும். வாலுவுக்கு இதைச் சொல்லிக் கொடுத்தது நான்தான். எங்கள் தெருவில், எங்கள் உயரத்துக்குப் பொருந்தாத பெரிய சைக்கிள்களில். நான் கை காட்டி அவள் விழுந்ததே கிடையாது. அன்று வரை என்று சேர்த்துக்கொள்ளுங்கள்.

அந்த வருடம் அவளிடம் சில மாற்றங்கள் தெரிந்தன. முதலில் போன். அதை மேசையில் கவிழ்த்து வைக்க ஆரம்பித்தாள். மடியில் கனமிருந்தால்தானே வழியில் பயம்? ஒளிக்க ஒன்றுமில்லாதவள் போனை எதற்குக் கவிழ்க்க வேண்டும்? அடுத்தது அணி மேலாளர். நான் சைக்கிள் ஷெட்டுக்குள் நுழைந்தால் அவரும் அவளும் சட்டென்று பேச்சை மாற்றினார்கள். வெயில் மண்டையைப் பிளந்த ஒரு நாளில், "மழை வர்ற மாதிரி இருக்குல்ல?" என்று என்னைப் பார்த்துக் கேட்டார் அந்த மனிதர். பிறகு மெக்கானிக். வாய்த்துடுக்குக்காரர். என் சைக்கிள் சங்கிலிக்கு எண்ணெய் விட்டுக்கொண்டே, "ஏங்க்கா, தங்கச்சி வெளிநாட்டு டீமுக்குப் போயிட்டா நீங்க யாருக்குக் காத்துப் பிடிப்பீங்க?" என்றார். கேலிதான். ஆனால் நெருப்பில்லாமல் புகையுமா?

ஒரு மாலை அவள் மாடிப்படியில் நின்று போனில் பேசிக்கொண்டிருந்தாள். நான் ஒட்டுக் கேட்கவில்லை, மேடம். காய்ந்த துணி எடுக்கப் போனேன்.

"அக்காகிட்ட நானே சொல்லிக்கறேன். இப்ப வேணாம், இந்த ரேஸ் முடியட்டும். அவ தாங்க மாட்டா."

துணியை எடுத்து வந்து மடித்தேன். அவளுடைய ஜெர்சியையும்தான். எனக்கு வலித்தது என்பதை மறைக்கவில்லை. அவள் போவதுகூட இல்லை, 'தாங்க மாட்டா' என்ற அந்தப் பேச்சுதான். அவளுக்காக இத்தனை வருடம் காற்றைத் தாங்கியவளால் இதைத் தாங்க முடியாதாம். சாப்பிடும்போது, "என்னக்கா டல்லா இருக்க?" என்று கேட்டாள். முழங்கால் வலி என்றேன். அதுவும் பொய்யில்லை.

பந்தயத்துக்கு முந்தின நாள் பாதையை ஒருமுறை ஓட்டிப் பார்ப்பது வழக்கம். அவள் வரவில்லை. மேலாளரோடு ஏதோ வேலையாம். "நீ பாத்துட்டு வாக்கா. நீ பாத்தா நான் பாத்த மாதிரி" என்று என் தோளில் தட்டிவிட்டுப் போனாள்.

பாதையில் ஒரு நீண்ட இறக்கம். அதன் அடியில் ஒரு பேக்கரி. அங்கே சாலை வளைகிறது. வளைவில் இடப்பக்கமாக மழைநீர்க் கால்வாயின் இரும்பு மூடி. அதன் கம்பிகள் சாலைக்குக் குறுக்கே இருந்திருந்தால் ஆபத்தில்லை. இவை சாலை போகும் திசையிலேயே இருந்தன, நடுவில் பந்தய சைக்கிளின் மெல்லிய டயர் இறங்கும் அளவுக்குச் சந்து. நான் இறங்கி என் முன்சக்கரத்தை அதில் விட்டுப் பார்த்தேன். நன்றாக மாட்டிக்கொண்டது, இழுத்துத்தான் எடுக்க வேண்டியிருந்தது. பேக்கரிக்காரர் வாசலுக்கு வந்து, "பாத்தும்மா, போன மாசம்கூட ஒருத்தர் பல்லை உடைச்சுக்கிட்டார்" என்றார். நன்றி சொல்லி அவரிடம் ஒரு பன் வாங்கிச் சாப்பிட்டேன். புது பன், நன்றாக இருந்தது.

"ரோடு எப்படிக்கா?" என்று வீட்டில் கேட்டாள்.

"சுத்தமா இருக்கு" என்றேன்.

மறுநாள் இறக்கத்துக்கு வந்தபோது கூட்டத்தை விட்டு நாங்கள் இருவரும் வெகுவாக முன்னேறியிருந்தோம். அவளுடைய மூச்சு என் முதுகுக்குப் பின்னால் கேட்டது. பேக்கரி தெரிந்தது. நான் கை காட்டினேன்.

அது பேக்கரி வாசலில் நின்ற ஒருவரின் போனில் பதிவாகியிருக்கிறது. விபத்தை விசாரித்த குழுவில் ஒரு வக்கீல், ஒரு டாக்டர், ஓய்வு பெற்ற அதிகாரி ஒருவர். மூவரில் ஒருவரும் பந்தய சைக்கிளில் ஏறியவர் இல்லை. திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தார்கள். அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, "உன்னால முடிஞ்சதைச் செஞ்சிருக்கம்மா. கை காட்டியிருக்க. அவளுக்குத்தான் நேரம் பத்தல" என்றார். எனக்குத் தண்ணீர் கொடுத்தார்கள். தான் ஆடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்கள். டம்ளரில் தண்ணீர் அசையாமல்தான் இருந்தது.

ஆஸ்பத்திரி வராந்தாவில் மேலாளர் என்னிடம் எல்லாவற்றையும் சொன்னார். வெளிநாட்டு அணி அவளை எடுத்திருந்தது. எங்கள் கிளப்பிலேயே சின்னப் பெண்களுக்குப் பயிற்சி கொடுக்கும் வேலையை எனக்காக அவள் கேட்டு வாங்கி வைத்திருந்தாள். "உங்க முழங்கால் போயிட்டிருக்குன்னு அவதான் கவனிச்சா. உங்க மனசு நோகாம எப்படிச் சொல்றதுன்னு தவிச்சுக்கிட்டிருந்தா" என்று சொல்லி அழுதார். நான் அழவில்லை. ஆக, நான் சந்தேகப்பட்டது சரிதானே, மேடம்? அவள் போகத்தான் இருந்தாள்.

இப்போது அவள் வீட்டில் இருக்கிறாள். இடுப்புக்குக் கீழே உணர்வு இல்லை. கைகளுக்கு ஒரு குறையுமில்லை. சக்கர நாற்காலியைத் தானே உருட்டிக்கொண்டு ஊரையே சுற்றும் வலு அவற்றுக்கு உண்டு. நான் விடுவதில்லை. உள்ளங்கை காய்த்துப்போகும் என்று, சக்கரத்தைப் பிடித்து உருட்டுகிற வளையங்களைக் கழற்றி அலமாரியில் வைத்துவிட்டேன். குளிப்பாட்டுவது, தலை வாரிவிடுவது எல்லாம் நான்தான். போனைக் கவிழ்த்து வைக்கும் பழக்கம் போய்விட்டது. அவளிடம் இப்போது போன் இல்லை. பழையபடி இருவரும் ஒன்றாக இருக்கிறோம். ஒரே வித்தியாசம், அவள் முன்னால், நான் பின்னால்.

பின்னால் நின்று தள்ளுகிறவளுக்கு முன்சக்கரத்தடியில் என்ன கிடக்கிறது என்று தெரியாது. அதனால் வாலு கை காட்டுவாள். குழி வலப்பக்கம் என்றால் வலது கை, இடப்பக்கம் என்றால் இடது கை. யாரும் கேட்காமலே, முதல் நாளிலிருந்து. எனக்கு அது எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள்.

போன வாரம் பூங்காவுக்குப் போனோம். உடற்பயிற்சி சொல்லித்தர வரும் பெண்ணின் போனில் அவள் அந்த வீடியோவைப் பார்த்திருந்தாள் என்பது எனக்கு அப்போது தெரியாது. இத்தனை காலம் அதை நான் வீட்டுக்குள் விட்டதில்லை. நடைபாதையில் அவள் வலது கையைக் கீழே நீட்டினாள். நான் நாற்காலியை இடப்பக்கம் ஒதுக்கினேன். இடது முன்சக்கரம் ஒரு குழியில் இறங்கியது. சாய்ந்த நாற்காலியைப் பிடித்து நிறுத்திவிட்டு வலப்பக்கம் பார்த்தேன். துடைத்துவிட்ட மாதிரி தரை.

அவள் திரும்பாமலே பேசினாள்.

"வலப்பக்கம் ஒண்ணுமே இல்ல, இல்லக்கா? அன்னிக்கும் ஒண்ணும் இல்ல."

நாற்காலியைத் தூக்கி நேராக்கி வீட்டுக்குத் தள்ளிக்கொண்டு வந்தேன். வழி நெடுக அவள் கையை மடியிலேயே வைத்திருந்தாள். மறுநாள் போலீஸ் ஜீப்பில் நீங்கள் வந்தீர்கள்.

ஆமாம், நான் காட்டியது வலது கை. எந்தக் கை என்று குழுவில் ஒருவரும் கேட்கவில்லை. வலப்பக்கம் ஒன்றும் இல்லை. மூடி இடப்பக்கம் இருந்தது. நான் சொல்லிக் கொடுத்தபடியே, யோசிக்காமல், அவள் அதன் மேல் ஒதுங்கினாள். கையோ காலோ முறியும், அந்த வருடம் வீணாகும், வெளிநாட்டுக்காரர்கள் வேறு ஆளைப் பார்த்துக்கொள்வார்கள் என்று நினைத்தேன். முதுகெலும்பை நான் நினைக்கவில்லை. அதற்கு வருந்துகிறேன் என்றும் எழுதிக்கொள்ளலாம்.

ஆனால் பூங்காவில் நடந்ததையும் விடாமல் எழுதுங்கள். தெரிந்தே, திட்டம் போட்டு, கூடப் பிறந்தவளிடம் அப்படிச் செய்தாள். அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. என்ன கோபம் இருந்தாலும் கை காட்டுவதில் பொய் சொல்லக் கூடாது, மேடம். அதை அவளுக்குச் சொல்லிக் கொடுத்ததே நான்தான்.