பதினாலாம் நம்பர் சுவர்

கத்தாதீங்க டாக்டரம்மா. கத்தினா மேல இருக்கிறது இன்னும் கொஞ்சம் உதிரும், அவ்வளவுதான் நடக்கும். பதினெட்டு மீட்டர் கல்லும் மண்ணும், அதுக்கு மேல மழை. யாருக்குக் கேக்கப் போவுது? உங்க தலை விளக்கை அணைச்சிடுங்க, என்னோடது ஒண்ணு போதும். இப்படி வந்து சுவர் ஓரமா உக்காருங்க. அங்க வேணாம், அந்த மூடுகல்லுக்கு நேர் கீழ வேணாம். ம், இங்க.

ரத்தமா? அது என்னோடது. நெத்தியில கொஞ்சமா கிழிஞ்சாலும் ஆடு வெட்டின மாதிரி ஒழுகும். உங்களுக்கு முழங்கை சிராய்ப்பு மட்டும்தான்.

ஒண்ணும் இல்ல, சுரங்கத்தோட கூரை நம்ம பின்னாடி இறங்கிடுச்சு. நாம கல்லறை அறைக்குள்ள, வாசல் அந்தப் பக்கம், நடுவுல ஏழு மீட்டருக்குக் குறையாம மண்ணு. நாலு நாள் மழைன்னா இந்தக் காட்டுல இப்படித்தான். காலையிலயே சொன்னேன், இன்னிக்கு உள்ள போக வேணாம்னு. சொல்லலையா? சொன்னேன். காப்பி குடிக்கும்போது. நீங்க, ஒரே ஒரு படம் பாக்கி தோன் எவரிஸ்தோ, பத்து நிமிஷம்னு, எப்பவும் போல மரியாதையா ‘தோன்’ போட்டு என்கிட்ட சொன்னீங்க. சரி, விடுங்க, இப்ப அதை நிரூபிச்சு என்ன ஆகப் போவுது. எனக்கு அது ஒரு வியாதி. என் பொண்டாட்டி சொல்லுவா, நீ செத்தா பெட்டிக்குள்ள படுத்துக்கிட்டே பாதிரியாரைத் திருத்துவேன்னு.

நம்ம மண்வெட்டிப் பசங்க, செலெஸ்தீனோவும் ரூபெனும், சாப்பிடப் போயிருக்காங்க. மணி பன்னெண்டரை. அவரைக்காயும் சோள ரொட்டியும் தின்னுட்டு, ஊஞ்சல்ல ஒரு தூக்கம் போட்டுட்டு, மூணு மணிக்கு வருவாங்க. வந்து பாத்து, ஐயோன்னு கத்தி, அப்புறம் வெட்ட ஆரம்பிப்பாங்க. நல்ல பசங்க. நான்தான் பழக்கினேன், முட்டுக் குடுக்காம ஒரு சாண் கூட வெட்டக் கூடாதுன்னு. அதனால மீட்டருக்கு ரெண்டு மணி நேரம். ஏழு மீட்டர்.

கணக்குப் போட்டுட்டீங்க. மூஞ்சியில தெரியுது. இல்ல, காத்து தாங்கும். அது என் கவலை இல்ல.

மேல பாருங்க, மெதுவா. இந்த அறையோட கூரை எப்படி நிக்குதுன்னு உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்ல. ரெண்டு பக்கச் சுவரும் ஒவ்வொரு கல்லா உள்பக்கம் சாஞ்சு வருது, உச்சியில மூடுகல் உக்காந்து ரெண்டையும் புடிச்சிருக்கு. அந்த ஓரத்து மூடுகல்லைப் பாருங்க. காலையில இருந்ததைவிட ரெண்டு விரல் கீழ வந்திருக்கு. இல்ல, உங்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.

ராத்திரி வரைக்கும் அது நிக்காது டாக்டரம்மா.

அழுவாதீங்க. அழுதா அழுங்க, சத்தம் மட்டும் வேணாம்.

கையால தோண்டவா? நாம ஒரு கூடை எடுத்தா மேலயிருந்து ரெண்டு கூடை இறங்கும். வேணாம். நான் சொல்றதைக் கேளுங்க. வேற ஒண்ணு யோசிக்கலாம்.

பதினாலாம் நம்பர் சுவர்.

பாத்தீங்களா, உடனே முகம் மாறுது. சாவே வந்தாலும் சரி, அதைத் தொட விட மாட்டீங்க. புரியுது. உங்க புத்தகத்துல எட்டாம் அத்தியாயம் பூரா அந்தச் சுவர்தான். நான் படிச்சேன். ஏன், படிக்கக் கூடாதா? அகராதி வெச்சுக்கிட்டு மூணு மாசம் படிச்சேன். இருநூத்திப் பதினோராம் பக்கத்துல ரெண்டு அளவு இடம் மாறி அச்சாயிருக்கு, அப்புறம் காட்டுறேன்.

நீங்க என்ன எழுதியிருக்கீங்க? இந்த அறைக்குள்ள ஒரு ராஜாவைப் படுக்க வெச்சாங்க. அவர் போய் எண்பது வருஷம் கழிச்சு, அவரோட பேரப் பசங்க மேற்குப் பக்கமா ஒரு வழி வெட்டி உள்ள வந்தாங்க. தரையில நெருப்பு மூட்டிச் சடங்கு செஞ்சாங்க. எலும்பு, பச்சைக் கல்லு, பானை எல்லாத்தையும் மரியாதையா எடுத்துக்கிட்டு வேற இடத்துக்குப் போனாங்க. போகும்போது வெளியில நின்னு இந்தச் சுவரைக் கட்டி அடைச்சாங்க. அதனாலதான் நாம திறந்தப்ப அறை காலி. சரிதானே? ராஜாவை எங்க கொண்டு போனாங்கன்னு ஒம்பது வருஷமாத் தேடுறீங்க.

அழகா எழுதியிருக்கீங்க. நிஜமா. எங்க பாட்டன் பூட்டனுங்களை ரொம்ப நல்லவங்களா எழுதியிருக்கீங்க.

அந்தப் பழக்கம் உண்டு, நான் மறுக்கல. வேற மேடுகள்ல நானே பாத்திருக்கேன், செத்தவங்களைத் திரும்பிப் போய்ப் பாத்துட்டு வந்திருக்காங்க. நெருப்பும் நிஜம். ஆனா சுவரு...

கரியை ஆராய்ச்சிக்கு அனுப்பினீங்க, ஆயிரத்து இருநூறு வருஷம்னு வந்துச்சு, தெரியும். கரி பழசு டாக்டரம்மா. கரி பழசுன்னா சுவர் பழசுன்னு ஆயிடுமா? தரையில கிடந்த பழைய சாம்பலை யாராவது அள்ளிச் சுண்ணாம்புல கலந்தா? சும்மா கேக்கறேன். சாந்து பத்தல, கைக்குக் கிடைச்சதைப் போட்டுக் குழைச்சான்னு வெச்சுக்குங்களேன்.

யாரு இவ்வளவு நேர்த்தியா கட்டுவான்? நல்ல கேள்வி. ஒரு கிறுக்கன் கட்டுவான்.

கேளுங்க. உங்களுக்கு முன்னாடி இங்க ஒரு மீசைக்கார ப்ரொபசர் இருந்தார். கடல் தாண்டி வந்தவர். நான் அப்ப மண்வெட்டிக்காரன். இந்த மேட்டு மேல நின்னு கடப்பாரையால தட்டினேன், சத்தம் வேற மாதிரி வந்துச்சு. சொன்னேன், உள்ள காலி இருக்கு சார்னு. அவர் என் தோளைத் தட்டி, எவரிஸ்தோ, நீ நல்லாத் தோண்டு, யோசிக்கிறதுக்கு நான் இருக்கேன்னார். மேடு முழுக்கக் கெட்டி நிரப்புன்னு அறிக்கையில எழுதிட்டு ஊருக்குப் போயிட்டார். கெட்டி நிரப்பாம்! எனக்கு ஒரு வருஷம் சோறு இறங்கல.

ஆமா, அந்தக் கிறுக்கன் நான்தான்.

அடுத்த கோடையில நான் தனியா வந்தேன். மேற்குச் சரிவுல அந்தப் பெரிய ரமோன் மரம் இருக்கில்ல, அதோட வேருக்குப் பின்னாலயிருந்து ஆரம்பிச்சேன். நாப்பத்தொரு நாள். பதினோரு மீட்டர். ஒரு கல் கூட இன்னிக்கு வரைக்கும் இறங்கியிருக்காது, நான் வெட்டினது விழாது. உள்ள வந்து விளக்கைத் தூக்கிப் பிடிச்சப்ப முதல்ல என்ன நெனச்சேன் தெரியுமா? ப்ரொபசர் பக்கத்துல இல்லையேன்னு.

அதோட திரும்பிப் போயிருந்தா நானும் யோக்கியன்தான். போகல. ஒரு ராஜாவோட கழுத்து மணியும் ஆறு பானையும், எல்லை ஊர்க்காரன் ஒருத்தன் கைக்குப் போச்சு. எனக்குப் படகுக்கு ஒரு மோட்டார் வந்துச்சு. ரெண்டு வருஷம் ஓடிச்சு. அப்புறம் ஏரியில விழுந்துடுச்சு.

என்னைத் திட்டணுமா? திட்டுங்க. ஹூம்.

திறந்த பொந்தா விட்டுட்டுப் போக மனசு வரல. திருடனுங்க அப்படித்தான் விட்டுட்டுப் போவானுங்க, கிழிச்ச வயிறு மாதிரி. நான் எங்க சித்தப்பாகிட்ட சுண்ணாம்பு சுடக் கத்துக்கிட்டவன். விறகு அடுக்கி, கல்லைச் சுட்டு, ஒரு மழை பட விட்டு, பழைய முறையில சாந்து குழைச்சேன். வெளியில நின்னுதான் கட்டினேன், அது மட்டும் நீங்க எழுதினது சரி. நல்ல முகம் அந்தப் பக்கம். கடைசியில, பழசாத் தெரியட்டும்னு வௌவால் எச்சத்தைக் கரைச்சுப் பூசினேன்.

அப்புறம் நீங்க வந்தீங்க, என்னையே மேஸ்திரியா வெச்சீங்க. அந்தச் சுவரைத் தடவிப் பாத்து, எவ்வளவு பக்தியான கைகள் தோன் எவரிஸ்தோன்னு சொன்னீங்க. நான் என்ன சொல்லியிருக்கணும்? திருடனுக்குத் தேள் கொட்டின கதை. அமைச்சகத்துலயிருந்து உடைச்சுப் பாக்க அனுமதி வந்தப்ப, வேணாம் அம்மா, பெரியவங்க மூடினதை மூடினபடியே விடுங்கன்னு கையெடுத்துக் கும்பிட்டவன் நான்தான். நீங்க நெகிழ்ந்து போயிட்டீங்க. ஒவ்வொரு வருஷமும் தோண்டுறதுக்கு முன்னாடி இந்த மேட்டைக் காக்குற சாமி, மேட்டுக்காரருக்குச் சாம்பிராணி போட்டு அனுமதி கேப்பேனே, அதைப் படம் எடுத்து எங்க மரபுன்னு போட்டீங்க. மத்தவங்க அனுமதிதான் கேட்டாங்க. நான் மன்னிப்புக் கேட்டுக்கிட்டிருந்தேன்.

ஜெயில்தான். தெரியும். இத்தனை வருஷமா பள்ளிக்கூடத்துல போய், பிள்ளைங்களா புதையல் தோண்டாதீங்கன்னு பாடம் எடுத்தவன். ஊரு சிரிக்கும். உங்களைப் பாத்தும் சிரிக்கும், அதுக்குத்தான் எனக்கு வருத்தம். கூரை விழுந்ததும் முதல்ல என்ன தோணிச்சு தெரியுமா? பேசாம உக்காந்திருக்கலாம், எட்டாம் அத்தியாயம் அப்படியே இருக்கும், என் பேரும் அப்படியே இருக்கும்னு. உங்ககிட்ட பேசிக்கிட்டே இவ்வளவு நேரமா அதைத்தான் யோசிச்சேன். உங்களைக் கேக்காம உங்களையும் சேத்துப் புதைக்க எனக்கு என்ன உரிமை?

அதோ, கேட்டுச்சா? மூடுகல். நேரம் இல்ல.

அந்தச் சின்னக் கொத்தை எடுங்க. கீழயிருந்து ரெண்டாவது வரிசை, வலது ஓரக் கல். அதுக்குப் பின்னால சாந்து மெலிசு, கடைசி நாள் எனக்கு அவசரம். உதைச்சாலே போகும். கல்லு மேல எழுதின நம்பரைப் படிச்சுக்கிட்டு நிக்காதீங்க அம்மா, நம்பர் போட்டதும் நான்தான், உதைங்க! ஆங். இன்னொண்ணு. காத்து வருதா? குளிருதா? மண்வாசனை வருதில்ல?

நீங்க முன்னால போங்க, உங்களுக்கு உடம்பு சின்னது. தவழ்ந்துதான் போகணும். வாய் பக்கம் மூணு கல்லு வெச்சு அடைச்சிருக்கேன், தோளால தள்ளுங்க, மரத்தடியில வெளிய வருவீங்க. நான் வர்றேன். நீங்க போங்க முதல்ல, நான் இந்த விளக்கைப் பிடிச்சுக்கிறேன்.

அப்புறம், நாலாவது மீட்டர்ல இடது கைப் பக்கம் ஒரு உரச் சாக்கு இருக்கும். முழங்கால் வெச்சுடாதீங்க, நீங்க தேடுற ராஜா அதுலதான். பச்சைக் கல்லு பதிச்ச பல்லெல்லாம் அப்படியே இருக்கு, அதை மட்டும் பிடுங்க எனக்குக் கை வரல. எலும்பு வேணாம்னு அந்த எல்லை ஊர்க்காரன் திருப்பிக் குடுத்துட்டான். கொண்டு வந்து உள்ள வைக்கலாம்னா, சுவர் கட்டி முடிச்சிருந்தேன்.