பிஞ்ச தோசை

எழுபதுகளில் சிட்னி ரயிலில் தமிழ் காதில் விழுவதே அபூர்வம். அன்று காலை லிட்கமில் ஏறி என் எதிரே அமர்ந்த இரண்டு யாழ்ப்பாணத்துப் பெண்கள், யாருக்கும் விளங்காது என்ற தைரியத்தில் உரக்கவே பேசினார்கள். நான் பத்திரிகையை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டேன்.

"நேற்று பிஞ்ச தோசையை அவருக்கு வைச்சனான், அக்கா," என்றாள் இளையவள்.

"உனக்கென்ன விசரோ?"

"வட்டமா, முறுகலா வந்ததை நான் எடுத்தன். மேசையடியில கதிரையில இருந்து சுடச்சுடச் சாப்பிட்டனான்."

"அவர் என்ன சொன்னவர்?"

"தட்டைப் பார்த்திட்டு, 'தோசை பிய்யுமோ?' எண்டு கேட்டார். கலியாணம் கட்டின நாளிலயிருந்து பிஞ்சதெல்லாம் குசினிக்குள்ளயே என்ர வயித்துக்குத்தானே போனது. அவருக்கு எப்பிடித் தெரியும்?"

மூத்தவள் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "பிறகு?"

"பிறகென்ன, சாப்பிட்டார். நல்லாயிருக்கு எண்டு இன்னொண்டும் கேட்டார்."

பரமட்டா வந்தது. மூத்தவள் எழுந்து, சேலைக்கு மேலே போட்டிருந்த கோட்டின் பொத்தான்களை மெதுவாகப் பூட்டினாள்.

"எங்கட வீட்டிலயும் நாளைக்குத் தோசைதான்."

"கவனமாச் சுடாதேங்கோ, அக்கா."